வெண்ணெய் நான்கு அவுன்ஸ்: நெடும்போரில் பிரிட்டன் தன் மக்களைக் கூடவே வைத்துக்கொண்டது எப்படி

1940 ஜனவரி 8, திங்கட்கிழமை. அன்றுதான் பிரிட்டனில் ரேஷன் தொடங்கியது. ஆளுக்கு வாரத்துக்கு 4 அவுன்ஸ் வெண்ணெய், 4 அவுன்ஸ் பேக்கன் (உப்பிட்ட பன்றியிறைச்சி), 12 அவுன்ஸ் சர்க்கரை. 4 அவுன்ஸ் என்பது 113 கிராம். இரண்டாம் உலகப்போரில் ஜெர்மனியோடு போர் அறிவித்து அப்போது நான்கு மாதம் கடந்திருந்தது. ரேஷன் புத்தகங்கள் போருக்கு முன்பே அச்சாகிக் கிடந்தன. 1939 செப்டம்பர் 29 அன்று நாடு முழுக்க ஆள்கணக்கு எடுத்து, அடையாள அட்டையும் கொடுத்தாயிற்று. எல்லாம் தயார். பிறகு ஏன் நான்கு மாதத் தாமதம்?

பயம்தான் காரணம். தட்டில் கைவைத்தால் மக்கள் கொதிப்பார்கள் என்று அமைச்சரவை தயங்கியது. நாளிதழ்களிலும் ரேஷனுக்கு எதிராகப் பலத்த குரல் எழுந்தது. ஆனால் 1939 இறுதியில் நடந்த கருத்துக்கணிப்பில் பெரும்பான்மையோர் ரேஷன் வேண்டும் என்றே சொல்லியிருந்தார்கள். கையில் காசுள்ளவர் மூட்டை மூட்டையாக வாங்கிப் பதுக்குவதை அவர்கள் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தார்கள். தனக்குக் குறைவாகக் கிடைப்பது அவர்களை அவ்வளவாக உறுத்தவில்லை. பக்கத்து வீட்டுக்காரருக்கு அதிகமாகக் கிடைப்பதுதான் உறுத்தியது.

நான் சொல்ல வருவது கிட்டத்தட்ட முழுவதும் இந்தச் சின்னச் சம்பவத்துக்குள்ளேயே இருக்கிறது. ஆறு ஆண்டுப் போரில் பிரிட்டிஷ் அரசு தன் மக்களைக் கண்டு பயந்த இடங்களிலெல்லாம் சறுக்கியது. அவர்களுடைய முணுமுணுப்பைக் காது கொடுத்துக் கேட்ட இடங்களில் தப்பித்தது. பிரதமர் சர்ச்சிலின் உரைகளைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் மளிகைக் கடை வாசலில் நின்று பார்க்கிறேன்.

பழைய போரின் வடு

1914இல் தொடங்கிய முதல் உலகப்போரின் நினைவு இல்லாமல் இந்தக் கதை புரியாது. அந்தப் போரில் ஜெர்மனி 1915லேயே ரொட்டிக்கு அட்டை கொடுத்துவிட்டது. அட்டை இருந்தது, பொருள்தான் இல்லை. கடல் முற்றுகையோடு 1916இல் உருளைக்கிழங்கு விளைச்சலும் பொய்த்தது. அந்தக் குளிர்காலம் முழுக்க மாட்டுத் தீவனமாக இருந்த டர்னிப் கிழங்கைத் தின்று கழித்தார்கள். ‘டர்னிப் குளிர்காலம்’ என்றே அதற்குப் பெயர். பெர்லின் பெண்கள் வெண்ணெய்க் கடைகள் முன்னால் கலகம் செய்தார்கள். பணக்காரர் கள்ளச் சந்தையில் வாங்கினார், ஏழை வரிசையில் நின்றார். 1918இல் அந்த ஆட்சி கவிழ்ந்ததற்கு இந்த வரிசைகளும் ஒரு காரணம்.

பிரிட்டனும் அப்போது ஒன்றும் சாமர்த்தியம் காட்டிவிடவில்லை. விலை ஏறியது, கொள்ளை லாபம் அடித்தவர்கள் கொழுத்தார்கள், 1917இல் தொழிற்சாலைகளில் வேலைநிறுத்தங்கள் வெடித்தன. தொழிலாளர் அதிருப்திக்கு என்ன காரணம் என்று விசாரிக்க அரசு அனுப்பிய குழுக்கள், உணவு விலையும் அதன் நியாயமற்ற பங்கீடும் முதல் காரணம் என்று எழுதிக்கொடுத்தன. ரேஷன் வந்தது 1918இல்தான். வந்ததும் வரிசைகள் கரைந்தன. அன்று உணவு அமைச்சகத்தில் வேலை பார்த்த ஒருவரின் பெயர் வில்லியம் பெவரிட்ஜ். பின்னால் அவர் வேறு ஒரு காரணத்துக்காக இந்தக் கதைக்குள் திரும்பி வருவார்.

யாருடைய வெற்றி?

1939இல் தகவல் அமைச்சகம் ஒன்று முளைத்தது. மக்களின் மன உறுதியைக் காப்பது அதன் வேலை. முதலில் ஒட்டிய சுவரொட்டிகளில் ஒன்று இப்படிச் சொன்னது: உங்கள் துணிவு, உங்கள் உற்சாகம், உங்கள் மன உறுதி, இவைதான் வெற்றியைத் தேடித்தரும். யாருக்கு? ஆங்கில வாசகத்தில் இருந்த ‘அஸ்’ (us) என்ற சொல்லுக்குத் தமிழில் ‘நமக்கு’ என்றும் பொருள், ‘எங்களுக்கு’ என்றும் பொருள். நம் மொழியில் எழுதியிருந்தால் எழுதியவர் ஏதாவது ஒரு பக்கம் நின்றே ஆகவேண்டும், ஆங்கிலத்தில் மழுப்பிவிடலாம். எழுதிய அதிகாரி மனத்தில் ‘நமக்கு’தான் இருந்திருக்கும். தெருவில் நின்று படித்தவர் காதில் விழுந்தது ‘எங்களுக்கு’. துணிவு உங்களுடையது, வெற்றி எங்களுடையது. மக்கள் என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று கேட்டுக் குறித்துவந்த ‘மாஸ் அப்சர்வேஷன்’ என்ற ஆய்வுக் குழு, இந்தச் சுவரொட்டி எரிச்சலைத்தான் கிளப்பியது என்று பதிவு செய்தது.

அதே வரிசையில் மூன்றாவதாக ஒன்று அச்சானது. இன்று காபிக் கோப்பை, டீ சட்டை, சாவிக்கொத்து என்று உலகமெங்கும் விற்கும் அந்த ‘பதறாமல் வேலையைப் பாருங்கள்’ சுவரொட்டி. சுமார் 25 லட்சம் பிரதிகள் அச்சடித்தார்கள். பெரும் தாக்குதல் வரும்போது ஒட்டலாம் என்று கிடங்கில் வைத்தார்கள். முதல் சுவரொட்டிகள் பட்ட பாட்டைப் பார்த்து ஒட்டாமலே விட்டு, பெரும்பகுதியை 1940இல் காகிதக் கூழாக்கிவிட்டார்கள். லண்டன் மக்கள் குண்டுவீச்சைத் தாங்கியது அதைப் பார்த்து அல்ல. அப்படி ஒன்று இருந்ததே அவர்களில் அநேகருக்குத் தெரியாது.

1940 ஜூலையில் இன்னொரு கூத்து. வதந்தி பரப்பாதீர்கள், வாயைக் கட்டுங்கள் என்று ஒரு பிரசாரம் தொடங்கினார்கள். பேருந்தில், மதுக்கடையில், ‘நாம் தோற்றுவிடுவோம் போலிருக்கிறதே’ என்று புலம்பியவர்களை நீதிமன்றத்துக்கு இழுத்து அபராதம் போட்டார்கள். ஹிட்லரை எதிர்த்துச் சுதந்திரத்துக்காகப் போர் புரிகிறோம் என்று சொல்லிக்கொண்டே உள்ளூரில் பேச்சுக்குத் தண்டனையா என்று கண்டனம் எழுந்தது. சில வாரங்களில் சர்ச்சிலே அந்தப் பிரசாரத்தைக் கைவிடச் செய்தார். அதே நாட்களில் வீடு வீடாகப் போய்க் கருத்துக் கேட்ட அரசு ஆய்வாளர்களை, அமைச்சர் டஃப் கூப்பரின் பெயரோடு சேர்த்து ‘கூப்பரின் மோப்பக்காரர்கள்’ என்று பத்திரிகைகள் கிண்டலடித்தன.

ஆனால் அந்த மோப்பம்தான் பின்னால் கைகொடுத்தது. தகவல் அமைச்சகத்துக்குள் உள்நாட்டு நிலவரப் பிரிவு என்று ஒன்று இயங்கியது. மேரி ஆடம்ஸ் அதைத் தொடங்கி நடத்தினார். அவருக்குப் பின் ஸ்டீபன் டெய்லர் என்ற மருத்துவர். 1940 மேயில் தொடங்கி முதலில் தினமும், பிறகு வாரம் ஒருமுறை 1944 இறுதிவரை அறிக்கை எழுதினார்கள். மக்கள் எதற்குச் சலித்துக்கொள்கிறார்கள், எந்த அமைச்சர் வானொலியில் பேசினால் சேனலைத் திருப்புகிறார்கள், முட்டை எங்கே கிடைக்கவில்லை என்பதெல்லாம் அதில் இருக்கும். 1941 அக்டோபரில் டெய்லர் ஒரு குறிப்பு எழுதினார். மன உறுதி எதில் நிற்கிறது? முதலில் உடல் சார்ந்தவற்றைச் சொன்னார்: உணவு, கதகதப்பு, வேலை, ஓய்வு, தூக்கம், ஒரு நிலையான இருப்பிடம், குடும்பத்தின் பாதுகாப்பு. பிறகு மனம் சார்ந்தவை: வெல்ல முடியும் என்ற நம்பிக்கை, தியாகம் எல்லாருக்கும் சமம் என்ற நம்பிக்கை, தலைமை திறமையும் நேர்மையும் உள்ளது என்ற நம்பிக்கை, போர் அவசியமானது, நியாயமானது என்ற நம்பிக்கை. பட்டியலில் நாட்டுப்பற்றுப் பாட்டும் இல்லை, சுவரொட்டியும் இல்லை. தூக்கம் இருக்கிறது. இதை எழுதியவர் மருத்துவர் என்பது அதிலேயே தெரிகிறது.

தரைக்குக் கீழே

போருக்கு முன் அரசு போட்ட கணக்கு பயங்கரமானது. விமானத் தாக்குதல் தொடங்கிய முதல் 60 நாளில் 6 லட்சம் பேர் சாவார்கள் என்று மதிப்பிட்டார்கள். மனநல மருத்துவர்கள் தம் பங்குக்கு, லட்சக்கணக்கானோர் சித்தம் கலங்கி வருவார்கள் என்றார்கள். உண்மையில் முழுப்போரிலும் குண்டுகளுக்குப் பலியான பிரிட்டிஷ் பொதுமக்கள் சுமார் 60,000 பேர். எதிர்பார்த்த மனநோயாளிக் கூட்டம் வரவே இல்லை.

அந்தத் தப்புக் கணக்கிலிருந்து பிறந்த ஒரு கொள்கை: சுரங்க ரயில் நிலையங்களில் மக்களைத் தங்க விடக்கூடாது. தங்கவிட்டால் பயந்துபோய் வெளியே வரமாட்டார்கள், வேலைக்குப் போகமாட்டார்கள், பூமிக்கடியிலேயே ஒரு கோழைக் கூட்டம் உருவாகிவிடும் என்று அதிகாரிகள் நம்பினார்கள். 1940 செப்டம்பர் 7இல் லண்டன் மீது தொடர் குண்டுவீச்சு தொடங்கியது. 57 இரவுகள் விடாமல் நடந்தது. கிழக்கு லண்டன் மக்கள் ஒரு வேலை செய்தார்கள். மலிவு டிக்கெட் ஒன்று வாங்கிக்கொண்டு நிலையத்துக்குள் இறங்கினார்கள், ஏறி வரவில்லை. செப்டம்பர் 27 இரவு எண்ணியபோது 1,77,000 பேர் நடைமேடைகளில் படுத்திருந்தார்கள். அரசு பின்வாங்கியது. அக்டோபரில் ஹெர்பர்ட் மாரிசன் உள்துறை அமைச்சராக வந்தபின் அடுக்குப் படுக்கை, கழிப்பறை, இடத்துக்குச் சீட்டு, ரயிலிலேயே வரும் தேநீர் எல்லாம் வந்தன. காலையில் எல்லாரும் எழுந்து வேலைக்குத்தான் போனார்கள். சுரங்கத்துக்குப் போனவர்களே சிறுபான்மைதான். 1940 நவம்பர் கணக்குப்படி லண்டன்வாசிகளில் 4 விழுக்காடு. பெரும்பாலோர் வீட்டிலேயே படுத்துக்கொண்டார்கள்.

இதற்குள் செப்டம்பர் 10 அன்று கிழக்கு லண்டனின் கேனிங் டவுனில் ஒரு கொடுமை நடந்துவிட்டது. வீடிழந்த குடும்பங்களைச் சவுத் ஹால்ஸ்வில் பள்ளியில் தங்கவைத்து, அழைத்துப்போகப் பேருந்து வரும் என்றார்கள். பேருந்து வரவில்லை, குண்டு வந்தது. அரசுக் கணக்கில் 77 சாவு. அந்த வட்டார மக்கள் அந்த எண்ணை இன்றுவரை நம்பவில்லை. அந்த வாரத்தில் கிழக்கு லண்டனில் ஜெர்மன் விமானியின் மேல் இருந்த கோபத்துக்குக் குறையாத கோபம் நகராட்சி மேலும் இருந்தது. செப்டம்பர் 14 இரவு ஃபில் பிராட்டின் என்ற கம்யூனிஸ்ட் தலைவர் ஒரு கூட்டத்தைக் கூட்டிக்கொண்டு சவாய் ஹோட்டலின் சொகுசுப் பதுங்குமிடத்துக்குள் நுழைந்தார். எங்களுக்கு மண் குழி, உங்களுக்கு மெத்தையா என்பதுதான் கேள்வி. அதற்கு முந்தின நாள்தான் பக்கிங்ஹாம் அரண்மனை மேல் குண்டு விழுந்திருந்தது. இனி கிழக்கு லண்டனை நேருக்கு நேர் பார்க்க முடியும் என்று ராணி சொன்னது பிரபலம். அரண்மனையில் குண்டு விழுந்தது அரசுக்கு அதிர்ஷ்டம் என்றுகூடச் சொல்லலாம். ஹிட்லரே பங்கீட்டில் சமத்துவம் காட்டிவிட்டார்.

லண்டனுக்கு வெளியே வேறு மாதிரி. பிளிமத், சவுத்தாம்ப்டன், கிளைட்பேங்க் போன்ற ஊர்களில் சாயங்காலமானால் ஆயிரக்கணக்கானோர் கிராமப்புறத்துக்கு நடந்தார்கள். தொழுவங்களிலும் வேலியோரங்களிலும் தூங்கினார்கள். ஆரம்பத்தில் அதிகாரிகள் இதையும் மன உறுதிக் குலைவு என்று எழுதிவைத்தார்கள். பிறகுதான் கவனித்தார்கள், காலையில் அதே கூட்டம் திரும்பி நடந்துவந்து ஆலை வாசலில் நிற்கிறது. தூங்குவதற்கு நடந்திருக்கிறார்கள், அவ்வளவுதான். டெய்லர் பட்டியலில் தூக்கம் ஏன் வந்தது என்று இப்போது புரியும்.

ஹல் நகரத்துக்கு இன்னொரு குறை. சரமாரியாக அடிவாங்கிய ஊர் அது. தணிக்கை காரணமாக வானொலி ‘வடகிழக்குக் கடற்கரை நகரம் ஒன்று’ என்று மட்டுமே சொல்லும். லண்டன் கஷ்டம் உலகுக்கே தெரிகிறது, எங்கள் ஊருக்குப் பெயர்கூடக் கிடையாதா என்று ஹல்காரர்கள் மனம் வெதும்பினார்கள். பட்ட கஷ்டத்துக்குப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் போதும் என்பது அந்த ஊரின் எதிர்பார்ப்பு. மறைத்ததால் வந்த வினைக்கு ‘லங்காஸ்ட்ரியா’ கப்பலும் உதாரணம்: 1940 ஜூன் 17இல் அது மூழ்கி ஆயிரக்கணக்கானோர் இறந்தார்கள், அன்றைக்குக் கெட்ட செய்தி போதும் என்று சர்ச்சில் தடுத்துவிட்டார், ஐந்து வாரம் கழித்து அமெரிக்கப் பத்திரிகை மூலம் விஷயம் வெளியே வந்தது.

ஒரு விசித்திரம். ஹல், பர்மிங்ஹாம் இரண்டு நகரங்களிலும் குண்டுவீச்சின் விளைவை அறிஞர்கள் விரிவாக ஆராய்ந்து, மன உறுதி உடைந்ததற்கு அடையாளம் இல்லை என்று எழுதினார்கள். அந்த ஆய்வு முடியும் தறுவாயிலேயே, சர்ச்சிலின் அறிவியல் ஆலோசகர் லிண்டமன் 1942 மார்ச்சில் நேர்மாறாக எழுதினார்: ஜெர்மன் தொழிலாளர்களின் வீடுகளை இடித்தால் அவர்கள் மனம் உடைந்துவிடும். தம் மக்களிடம் கண்ணால் கண்டதை எதிரியின் மக்களுக்குப் பொருத்திப் பார்க்க மனம் வரவில்லை.

கடைக்காரரும் கூப்பனும்

1940 ஏப்ரலில் உணவு அமைச்சரானார் வூல்ட்டன் பிரபு. அரசியல்வாதி அல்லர், பெரிய பல்பொருள் அங்காடிகளை நடத்தியவர். எந்தப் பொருள் எந்த ஊர்க் கடையில் தீர்ந்தால் வாடிக்கையாளர் எப்படிக் கத்துவார் என்று தெரிந்தவர். எனக்கு இந்தப் போரில் மிகவும் சுவாரசியமான ஆள் இவர்தான், சர்ச்சில் இல்லை.

சூழ்நிலை இது: பிரிட்டன் தின்ற உணவில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு கப்பலில் வந்துகொண்டிருந்தது, கப்பல்களை ஜெர்மன் நீர்மூழ்கிகள் மூழ்கடித்துக்கொண்டிருந்தன. இருப்பதைப் பங்கிட்டாக வேண்டும்.

முறை எளிமையானது, நமக்குப் பழக்கமானதும்கூட. ஒவ்வொருவரும் ஒரு குறிப்பிட்ட கடையில் பெயரைப் பதிய வேண்டும். அந்தக் கடையில் எத்தனை பேர் பதிந்திருக்கிறார்களோ அத்தனை பேருக்கான சரக்கை அமைச்சகம் அந்தக் கடைக்கு அனுப்பும். குடும்ப அட்டையை ஒரு நியாயவிலைக் கடையோடு கட்டிப்போட்ட நம் முறையைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. சொல்லப்போனால் ‘ரேஷன்’ என்ற சொல்லே நம் ஊர் வாயில் ஏறியது அந்த உலகப்போர்க் காலத்தில்தான்.

வூல்ட்டன் கெட்டியாகப் பிடித்துக்கொண்ட விதி ஒன்று உண்டு. கொடுக்க முடியாத அளவை அறிவிக்கக்கூடாது. 2 அவுன்ஸ் தேயிலை என்று சொன்னால் நாட்டின் கடைக்கோடிக் கடையிலும் அந்த 2 அவுன்ஸ் இருக்க வேண்டும். டப்பா உணவுகளுக்குப் புள்ளி முறை 1941 டிசம்பர் 1இல் வந்தது. நான்கு வாரத்துக்கு 16 புள்ளி, எதை வாங்குவது என்பது உங்கள் இஷ்டம். கடைகளில் போதிய சரக்கு போய்ச் சேரும்வரை அதைத் தொடங்காமல் தள்ளிப்போட்டார்கள். 1916இல் ஜெர்மானியர் கையில் இருந்தது வெறும் அட்டை; 1941இல் பிரிட்டிஷ்காரர் கையில் இருந்தது அட்டையும் பொருளும். வித்தியாசம் அங்கேதான் இருக்கிறது.

ரொட்டியையும் உருளைக்கிழங்கையும் ரேஷனில் சேர்க்கவில்லை. மற்றதெல்லாம் அளவு, இவை இரண்டும் வயிறு நிறைய. சுரங்கத்தில் நிலக்கரி வெட்டுபவருக்கும் வங்கியில் கணக்கு எழுதுபவருக்கும் ஒரே அளவு இறைச்சி என்றால் நியாயமா? அதற்கு ஜெர்மானியர் போல உழைப்புக்கேற்ப வகை வகையாக அட்டை அச்சடிக்கவில்லை. யார் எந்த வகை என்ற சண்டையே முடியாது. ரொட்டியால் இடைவெளியை நிரப்பினார்கள், ஆலைகளில் உணவகம் திறந்தார்கள், சுரங்கத் தொழிலாளருக்கும் பண்ணைத் தொழிலாளருக்கும் கூடுதலாகப் பாலாடைக்கட்டி கொடுத்தார்கள். சைவர்களுக்கும் இறைச்சிக்குப் பதில் பாலாடைக்கட்டி உண்டு. 1942 முதல் அந்த ரொட்டி தவிடு கலந்து பழுப்பு நிறமானது. எல்லாரும் திட்டிக்கொண்டே தின்றார்கள்.

கூப்பன் எவ்வளவு சமமாக இருந்தாலும், ஹோட்டலில் சாப்பிடுவதற்குக் கூப்பன் வேண்டாம் என்பது ஒரு ஓட்டை. காசுள்ளவர் மதியம் ஒரு ஹோட்டல், இரவு ஒரு ஹோட்டல் என்று போகலாம். இது பற்றிய முணுமுணுப்பு உள்நாட்டு நிலவர அறிக்கைகளில் திரும்பத் திரும்ப வந்தது. 1942இல் எந்த ஹோட்டலிலும் ஒரு சாப்பாட்டுக்கு 5 ஷில்லிங்குக்கு (கால் பவுண்டு) மேல் வாங்கக்கூடாது என்று சட்டம் போட்டார்கள். சொகுசு ஹோட்டல்கள் மேஜைக் கட்டணம், இசைக் கட்டணம் என்று சுற்றி வளைத்துக் கறந்தன. இன்னொரு பக்கம், சாதாரணருக்கு உள்ளாட்சி மன்றங்கள் மலிவு உணவகம் நடத்தின. அதற்கு முதலில் வைத்த பெயர் ‘பொது உணவளிப்பு மையம்’. கஞ்சித் தொட்டி வாடை அடிக்கிறது என்று சர்ச்சில் அதை ‘பிரிட்டிஷ் ரெஸ்டாரன்ட்’ ஆக்கினார். ஒரு சாப்பாடு 9 பென்னி அளவில் கிடைத்தது. 1943இல் இப்படி 2,000க்கு மேல் இருந்தன.

கர்ப்பிணிகளுக்கும் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும் 1940 ஜூலை முதல் தினம் ஒரு பைன்ட் பால், அரைலிட்டருக்குச் சற்று அதிகம், 2 பென்னிக்கு, ஏழைகளுக்கு இலவசம். பிறகு மீன் எண்ணெயும் ஆரஞ்சுச் சாறும். இங்கிலாந்து, வேல்ஸில் 1,000 பிறப்புக்குச் சிசு மரணம் 1941இல் 60 ஆக ஏறியிருந்தது. 1944இல் 45க்கு இறங்கியது. போர் நடக்கும்போது. போர்முனையிலிருந்து கணவன் எழுதும் கடிதத்துக்கு மனைவி எழுதும் பதிலில் இந்த எண் ஒரு வரியாகப் போய்ச் சேரும்: பிள்ளை நன்றாக இருக்கிறான்.

கள்ளச் சந்தை இல்லாமல் இல்லை. இருந்தது, நன்றாகவே நடந்தது. கசாப்புக் கடைக்காரர் தெரிந்தவருக்கு மேஜைக்குக் கீழே எடுத்துக் கொடுப்பதும் நடந்தது. 1942இல் பெரிய முறைகேட்டுக்குத் தண்டனையை 14 ஆண்டுவரை உயர்த்தினார்கள். குண்டு விழுந்த வீடுகளில் திருட்டும் நடந்தது. ஒற்றுமையே உருவான மக்கள் என்ற பிற்காலக் கட்டுக்கதையை நான் நம்பவில்லை. ஏமாற்றுபவன் ஊர் பேசும் ஆளாக இருந்தான் என்பதை மட்டும் நம்புகிறேன். முதல் போரில் அவன் ஊர் மதிக்கும் ஆளாக இருந்தான். அப்போது லாபம் அடித்தவர்களுக்குப் பட்டம் கிடைத்தது. இந்த முறை போரினால் வரும் கூடுதல் லாபத்துக்கு 1940 முதல் 100 விழுக்காடு வரி. வருமான வரி 1941இல் பவுண்டுக்கு 10 ஷில்லிங், அதாவது சரிபாதி. 1942 அக்டோபரில் அமெரிக்க அதிபரின் மனைவி எலினோர் ரூஸ்வெல்ட் அரண்மனையில் தங்கினார். குளியல் தொட்டியில் வெந்நீர் 5 அங்குலத்துக்கு மேல் போகாமலிருக்கக் கோடு போட்டிருந்ததைப் பார்த்தார். நாடகம் என்று சொல்லலாம். இருக்கட்டும், நாடகம் போட வேண்டிய கட்டாயம் அரண்மனைக்கே இருந்தது என்பது சின்ன விஷயமில்லை.

சலிப்பின் ஆண்டு

குண்டு விழுந்த காலத்தைவிட ஆபத்தானது 1942. தாக்குதல் ஓய்ந்துவிட்டது, வெற்றி வரவில்லை. பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் ஜப்பானியரிடம் போயிற்று, ஜூன் 21இல் வட ஆப்பிரிக்காவின் டோப்ருக் ஜெர்மானியரிடம் போயிற்று. சர்ச்சில் என்ற ஆளின் மீதான ஆதரவு, கருத்துக்கணிப்பில் போர்க்காலம் முழுக்க 78 விழுக்காட்டுக்குக் கீழே இறங்கவில்லை. அவருடைய அரசு போரை நடத்தும் விதத்தில் திருப்தி என்றவர்களோ அந்த ஆண்டில் பாதிக்கும் கீழே போனார்கள். ஆள், அரசு, போர் மூன்றையும் மக்கள் தனித்தனியே எடைபோட்டார்கள். இரண்டு கேள்வியையும் தனித்தனியாகக் கேட்டதால்தான் அது தெரிந்தது. ஜூலையில் நம்பிக்கையில்லாத் தீர்மானம் வந்து 475க்கு 25 என்று தோற்றது. போர் நடக்கும்போது பிரதமர் மேல் தீர்மானம் கொண்டுவர முடிந்ததே, அதுவே பலருக்கு ஆறுதல்.

இந்த ஆண்டிலும் பழைய பயம் தலைகாட்டியது. மார்ச்சில் ‘டெய்லி மிரர்’ ஒரு கார்ட்டூன் போட்டது. கப்பல் மூழ்கி, மிதக்கும் பலகையில் ஒரு மாலுமி கிடக்கிறான். கீழே, பெட்ரோல் விலை ஒரு பென்னி உயர்ந்தது என்ற அரசு அறிவிப்பு. பெட்ரோலை வீணாக்காதே, அதற்கு உயிர் போகிறது என்பதே தன் கருத்து என்றார் வரைந்தவர். யாரோ லாபம் அடிக்கத்தான் மாலுமி சாகிறான் என்று அமைச்சரவை படித்தது. பத்திரிகையை மூடிவிடுவோம் என்று மிரட்டியது. மூடவில்லை. நாடாளுமன்றத்தில் எழுந்த எதிர்ப்பு அதற்கு ஒரு காரணம்.

கென்ட் பகுதியில் பெட்டஷாங்கர் நிலக்கரிச் சுரங்கத்தில் அதே ஆண்டு ஜனவரியில் நடந்தது இன்னும் ருசியானது. போர்க்காலத்தில் வேலைநிறுத்தம் சட்டவிரோதம். ஆயிரத்துக்கு மேற்பட்ட தொழிலாளருக்கு அபராதம், மூன்று சங்க நிர்வாகிகளுக்குச் சிறை. வேலைநிறுத்தம் நிற்கவில்லை. ஆயிரம் பேரைச் சிறையில் அடைத்தால் கரியை யார் வெட்டுவது? கடைசியில் பேச்சுவார்த்தை சிறைக்குள்ளேயே நடந்து, ஒப்பந்தம் அங்கேயே கையெழுத்தானது. நிர்வாகிகளை விட்டுவிட்டார்கள். அபராதம் கட்டியவர்கள் விரல்விட்டு எண்ணும் அளவே. 1944இல் வேலைநிறுத்தத்தால் இழந்த நாட்கள் 37 லட்சம். ஆதரவு என்றால் வாய்மூடிக் கிடப்பது என்று நினைப்பவர்களுக்கு இந்த எண் குழப்பமாக இருக்கும். போரை ஆதரித்தவர்களேதான் வேலைநிறுத்தமும் செய்தார்கள்.

பின்தேதியிட்ட காசோலை

1942 டிசம்பர் 1 அன்று பெவரிட்ஜ் அறிக்கை வெளியானது. சமூகக் காப்பீடு பற்றிய சலிப்பூட்டும் அரசு ஆவணம். அதை வாங்க லண்டனில் வரிசை நின்றது. சுருக்கப் பதிப்பையும் சேர்த்து ஆறு லட்சத்துக்கு மேல் விற்றது. பிறப்பு முதல் இறப்புவரை யாரும் வறுமையில் விழாமல் காக்கும் திட்டம். எதற்காகப் போரிடுகிறோம் என்ற கேள்விக்கு அதுவரை ‘ஹிட்லரை எதிர்த்து’ என்ற பதில்தான் இருந்தது. இப்போது வேறொரு பதிலும் கிடைத்தது.

அரசுக்கோ சங்கடம். இவ்வளவு பணத்துக்கு எங்கே போவது? படைவீரர்களுக்காக வெளியிட்ட சுருக்கத்தை அவசரமாகத் திரும்பப் பெற்றார்கள். 1943 பிப்ரவரியில் நாடாளுமன்றத்தில் நழுவலாகப் பேச, நூற்றுக்கு மேற்பட்ட உறுப்பினர்கள் அரசை எதிர்த்து வாக்களித்தார்கள். மக்கள் அந்த நழுவலை நன்றாகக் குறித்துவைத்துக்கொண்டார்கள்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் போனால் இந்த ஆய்வு பொய்யாகிவிடும். சமப் பங்கீடு என்ற அந்த நியாயம் இங்கிலாந்தின் டோவர் கடற்கரையோடு முடிந்துவிட்டது. 1943 ஜனவரியில் பிரிட்டனின் இருப்பைப் பெருக்க, இந்தியப் பெருங்கடலுக்குப் போகும் கப்பல்களைப் பாதிக்கும் கீழே குறைத்தார்கள். பர்மா அரிசி ஏற்கெனவே ஜப்பானியர் வசம் போயிருந்தது. ஜப்பானியர் வந்தால் கிடைக்கக்கூடாது என்று வங்காளக் கடலோரத்தில் படகுகளையும் நெல்லையும் அரசே அகற்றியிருந்தது. அந்த ஆண்டு வங்காளப் பஞ்சத்திலும் அதன் பின்விளைவான நோய்களிலும் இறந்தவர்கள் 30 லட்சம்வரை என்று கணக்கிடுகிறார்கள். தானியக் கப்பல் வேண்டும் என்று டெல்லியிலிருந்து போன வேண்டுகோள்களை லண்டன் போர் அமைச்சரவை மீண்டும் மீண்டும் தட்டிக்கழித்தது. கல்கத்தாவுக்கு முறையான ரேஷன் வந்தது 1944 ஜனவரி இறுதியில். லண்டனில் ரொட்டிக்குக் கூப்பன் வேண்டாம் என்ற பெருமைக்குப் பின்னால் இந்தக் கணக்கும் இருக்கிறது. வங்காளத்தின் முணுமுணுப்பைக் குறித்துக்கொண்டு வாரந்தோறும் அமைச்சரவை மேஜைக்கு அனுப்ப அங்கே ஒரு ஸ்டீபன் டெய்லர் இருக்கவில்லை. அமைச்சரவைக்கு அவர்களின் ஓட்டும் தேவைப்படவில்லை.

ஓட்டு தேவைப்பட்டவர்களிடம் கணக்கு 1945 ஜூலையில் தீர்ந்தது. போரை வென்று கொடுத்த சர்ச்சில் தோற்றார். பெவரிட்ஜ் திட்டத்தை நிறைவேற்றுவோம் என்ற தொழிற்கட்சி 393 இடங்களில் வென்றது. ஆறு ஆண்டு பொறுத்ததற்கான விலையை மக்கள் வசூலித்துக்கொண்டார்கள்.

அந்தப் புதிய அரசும் உடனே ஒரு சுவரில் முட்டிக்கொண்டது. போர்க்காலம் முழுக்கக் கைவைக்காத ரொட்டிக்கு 1946 ஜூலை 21இல் ரேஷன் போட்டார்கள். உலகெங்கும் தானியப் பற்றாக்குறை, தோற்ற ஜெர்மனியில் பிரிட்டனின் பகுதிக்கும் சோறு போட்டாக வேண்டும், காரணம் உண்மையானதுதான். அதே கூப்பன், அதே வரிசை, அதே பெண்கள். இந்த முறை இல்லத்தரசிகள் சங்கம் வைத்து, மனு எழுதி, கண்டனக் கூட்டம் போட்டார்கள். ரொட்டி ரேஷன் இரண்டு ஆண்டு நீடித்தது. இறைச்சிதான் கடைசி, அது 1954 ஜூலை 4 அன்று ஒழிந்தது. 4 அவுன்ஸ் வெண்ணெயோடு எல்லாம் தொடங்கிய அந்தத் திங்கட்கிழமை பிறந்த குழந்தைக்கு அப்போது வயது 14.